வாசகர் கேள்வி-பதில்: கார்மென் மௌராவின் குரல்

கேள்வி: 1988-ல் வந்த, ஸ்பானிய இயக்குநர் அல்மோதோவரின் ‘ஃபாம் ஓ போர் த லா கிரீஸ் த நெர்ஃப்’ படத்தை பிரெஞ்சு டப்பிங்கில் பார்த்தேன். எல்லோரும் புகழும் நடிகை கார்மென் மௌரா என் மனதில் ஒட்டவே இல்லையே? (வாசகி, ரோஸ்ஹில், மொரீஷியஸ்)

பதில்: குறை உங்களிடம் இல்லை, டப்பிங்கில்தான். அந்தப் படத்தில் அவர் ஏற்ற பெப்பாவுக்குத் தொழிலே டப்பிங் பேசுவதுதான். விட்டுப்போன காதலன் இவானும் அதே தொழிலில் இருப்பவன். ‘ஜானி கிட்டார்’ என்ற ஹாலிவுட் படத்தில் நடிகை ஜோன் கிராஃபோர்டுக்குப் பெப்பா குரல் கொடுக்கும் காட்சியைக் கவனியுங்கள். இவான் தன் வசனத்தை முன்பே பதிந்துவிட்டுப் போய்விட்டான். ஹெட்போனில் அவன் குரல் மட்டும் வருகிறது. கிராஃபோர்டின் பதிலைச் சொல்லச் சொல்ல அது பெப்பாவின் சொந்தப் பதிலாகிவிடுகிறது. முடிந்ததும் மயங்கி விழுகிறாள். நடிப்பில் பாதி முகத்தில் என்றால் மீதி தொண்டையில். அதன்மேல் இன்னொருவர் பிரெஞ்சில் பேசினால் அந்தப் பாதி போயே போச்சு.

கடைசிப் பகுதியில், தூக்கமாத்திரை கலந்த கஸ்பாச்சோவை (ஸ்பானியக் குளிர் சூப்) குடித்த போலீஸ்காரர்களிடம் தக்காளி, வெள்ளரி, குடைமிளகாய், வெங்காயம், பூண்டு என்று செய்முறையை நிதானமாக ஒப்பிப்பார். அந்த நிதானத்தையும் அவர் குரலில்தான் கேட்க வேண்டும். படத்தின் மெனுவில் மொழியை எஸ்பான்யோல் (ஸ்பானியம்) என்றும் சப்டைட்டிலை பிரெஞ்சு என்றும் மாற்றிவிட்டு மறுபடி பாருங்கள்.

கேள்வி: அவர் படங்களை எந்த வரிசையில் பார்ப்பது? (வாசகர், கத்ர் போர்ன்)

பதில்: காலவரிசை வேண்டாம். 1980-ல் வந்த ‘பெப்பி, லூசி, பொம்’ நண்பர்களிடம் காசு திரட்டி 16 மி.மீ. ஃபிலிமில் எடுத்த கரடுமுரடான படம்; அதிலேயே தொடங்கினால் அலுத்துவிடும். 2006-ன் ‘வோல்வேர்’ நல்ல வாசல். இறந்துவிட்டதாக ஊரே நம்பும் தாயாக வருகிறார். மகள் வீட்டில் நடத்தும் சலூனில் ரஷ்யப் பெண் என்று சொல்லிக்கொண்டு ஒளிந்திருப்பதால் வாயைத் திறக்க முடியாது. வாடிக்கையாளர் தலையை அலசும் கையும் கண்ணுமே பேசும். இன்னொரு மகள் பாடும்போது காருக்குள் பதுங்கி அழுவார்.

அடுத்து 1984-ன் அல்மோதோவர் படம்: வீட்டுவேலை செய்து களைத்த குளோரியா, பன்றித்தொடை எலும்பால் கணவனை அடித்துவிடுகிறாள். பிறகு 1990-ல் இயக்குநர் கார்லோஸ் சௌராவின் ‘ஐ கார்மேலா’. அதற்கு ஸ்பெயினின் திரைப்பட விருதான கோயா கிடைத்தது. 2000-ல் ‘லா கொமுனிதாத்’ படத்தில் செத்தவர் வீட்டில் 30 கோடி பெசேட்டாவை (ஸ்பெயினின் பழைய நாணயம்) கண்டெடுக்கும் வீட்டுத் தரகர், அதற்கும் கோயா. ஸ்பெயினில் வீட்டுக்கு வீடு அவரைத் தெரியவைத்தது 1981-ன் ‘எஸ்தா நோச்சே’ தொலைக்காட்சி நிகழ்ச்சி.

பிரெஞ்சில் பார்ப்பதாக இருந்தால் ‘லே ஃபாம் தூ சிசியேம் எத்தாஷ்’ பாருங்கள். 1960-களின் பாரிஸில் வேலை செய்யும் ஸ்பானியப் பணிப்பெண்களின் கதை. பிரெஞ்சை ஸ்பானிய உச்சரிப்போடு அவரே பேசுகிறார். 2012-ல் அதற்கு பிரான்ஸின் திரைப்பட விருதான செசார்.

கேள்வி: பாரிஸிலிருந்து உறவினர் கொண்டுவந்த டிவிடி என் பிளேயரில் ஓடவில்லை. (வாசகர், வாக்வா)

பதில்: டிவிடி எந்தப் பகுதியில் ஓடலாம் என்பதற்கு மண்டல எண் என்ற பூட்டு உண்டு: பிரான்ஸ் டிவிடி 2-ஆம் மண்டலம், மொரீஷியஸ் 5-ஆம் மண்டலம். எல்லா மண்டலத்துக்கும் திறந்த பிளேயர் என்றால் ஓடும். கணினி டிரைவில் மண்டலத்தை 5 முறைதான் மாற்றலாம். ஐந்தாவது மாற்றத்தோடு அது நிலைத்துவிடும், ஆகவே யோசித்து மாற்றுங்கள். புளூ-ரேயில் ஐரோப்பாவும் நாமும் ஒரே ‘பி’ மண்டலம் என்பதால் தொல்லையில்லை. அடுத்த முறை சொல்லி அனுப்பும்போது, அட்டையின் பின்பக்கத்தில் ‘வெர்சியோன் ஒரிஷினால்’ (மூலமொழிக் குரல்) இருக்கிறதா என்று பார்த்து வாங்கச் சொல்லுங்கள். பிரெஞ்சுக் குரல் மட்டுமே உள்ள தட்டுகளும் உண்டு.