வாசகர் கேள்வி – பதில்: மறதி நோயும் மேடையும்

கேள்வி: என் அம்மாவுக்கு வயது 71. இளவயதில் சேலத்து நாடக மேடைகளில் பெயர் வாங்கியவர். அவருக்கு அல்சைமர் நோயின் ஆரம்பநிலை என்று அண்மையில் மருத்துவர் கூறினார். கோட்டை மாரியம்மன் ஆடித் திருவிழாவை ஒட்டி எங்கள் பகுதியில் போடும் நாடகத்தில் ஒரு காட்சியில் நடிக்கும்படி பழைய நண்பர்கள் அவரை அழைக்கிறார்கள். உறவினர்களோ, "வசனம் மறந்து நின்றால் மானம் போய்விடும்" என்கிறார்கள். பிரெஞ்சு நடிகை ஆனி ஜிரார்தோ இந்த நோயுடனேயே நடித்தார் என்பது உண்மையா? அம்மாவை நடிக்க விடலாமா?
– ஒரு வாசகி, அஸ்தம்பட்டி, சேலம்

பதில்: உண்மைதான். 1931இல் பாரிஸில் பிறந்த ஜிரார்தோ, செவிலியர் பயிற்சியிலிருந்து நடிப்புக்கு வந்து, கொமெடி பிரான்சேஸ் என்னும் புகழ்பெற்ற நாடக நிறுவனத்தில் பணியாற்றியவர். 1960இல் இத்தாலிய இயக்குநர் விஸ்கோந்தி இயக்கிய 'ரோக்கோவும் அவன் சகோதரர்களும்' அவரை உலகறியச் செய்தது. தனக்கே புற்றுநோய் இருப்பதை அறியும் மருத்துவராக நடித்ததற்கு 1977இல் பிரான்சின் புகழ்பெற்ற திரைப்பட விருதான சீசர் விருது பெற்றார். பிறகு வாய்ப்புகள் மெலிந்தன. 1996இல் மீண்டும் அவ்விருதைப் பெற்றபோது மேடையிலேயே கண்ணீர் விட்டு அழுதார். 2002இல் 'பியானோ டீச்சர்' படத்தில் தாயாக நடித்ததற்கு மூன்றாம் முறையாகவும் பெற்றார். அவருடைய நோய் 2006இல் வெளியுலகுக்குத் தெரியவந்தது. அதன் பின்னரும் நடித்தார். கடைசிக் காலத்தில் காதில் சிறு கருவியைப் பொருத்தி, ஒருவர் வசனத்தைச் சொல்லச் சொல்ல அவர் பேசினார். 2011இல் காலமானார்.

அந்தக் கருவி செய்த வேலையை நம் நாடகக்காரர்கள் நன்கு அறிவார்கள். திரைக்குப் பின்னால் நின்று வசனம் எடுத்துக்கொடுப்பவர் செய்ததும் அதைத்தான். நல்ல நினைவாற்றல் உள்ள நடிகர்களுக்கே அந்த உதவி தேவைப்பட்டிருக்கும்போது, உங்கள் அம்மாவுக்கு அதைத் தருவதில் மானக்குறைவு எங்கிருந்து வந்தது?

இந்நோய் பெரும்பாலும் மூளையில் புதிய நினைவுகளைப் பதியவைக்கும் ஹிப்போகாம்பஸ் பகுதியை முதலில் தாக்குகிறது. அதனால் காலையில் என்ன சாப்பிட்டோம் என்பது மறந்துபோகும் ஒருவருக்கு, இருபது வயதில் மனப்பாடம் செய்த வசனமும் பாட்டும், உடலில் ஊறிய நடையும் கையசைவும் நெடுநாள் தங்கியிருக்கக்கூடும். ஆகவே புதிய வேடம் வேண்டாம். அவர் பலமுறை நடித்த பழைய காட்சியையே கொடுக்கச் சொல்லுங்கள்.

என் தயக்கம் வேறு இடத்தில் இருக்கிறது. ஆடித் திருவிழா இரவின் பறைமுழக்கமும் ஒலிபெருக்கியும் கூட்டமும் இந்நோயாளிகளை எளிதில் குழப்பிவிடும். பலருக்கு மாலைக்கு மேல் தடுமாற்றமும் கூடும். பகல்நேரத்தில், தெரிந்த முகங்கள் மட்டும் இருக்கும் ஒரு சிறு கூடத்தில் அந்தக் காட்சியை நடத்த நண்பர்கள் இசைவார்களா என்று கேளுங்கள். எல்லாவற்றுக்கும் முன், அம்மாவிடம் கேளுங்கள். உங்கள் கடிதத்தில் நண்பர்களின் விருப்பமும் உறவினர்களின் அச்சமும் இருக்கின்றன, அவருடைய விருப்பம் எங்கும் இல்லை; ஆரம்பநிலையில் தம் விருப்பத்தைத் தெளிவாகச் சொல்ல அவரால் முடியும்.

தைராய்டு குறைபாடு, பி12 பற்றாக்குறை, மனச்சோர்வு ஆகியவையும் மறதியைக் கூட்டும் என்பதால், அந்தப் பரிசோதனைகள் நடந்தனவா என்று நரம்பியல் மருத்துவரிடம் உறுதிசெய்துகொள்ளுங்கள். ஒத்திகை நாட்களில் மருந்து வேளையும் உறக்கமும் தவறாமல் பார்த்துக்கொள்ளுங்கள். அவர் பாதியில் போதும் என்றால் அங்கேயே நிறுத்திவிட வேண்டும் என்பதை நண்பர்களிடம் முதலிலேயே சொல்லிவையுங்கள்.