அம்மாவுக்கு 90, எனக்கு 64

அன்புள்ள ஆலோசகர் அம்மாவுக்கு வணக்கம்.

சுங்கை சிப்புட்டில் ஒரு தாமானில் (குடியிருப்புப் பகுதியில்) இருக்கிறேன். ஈப்போவில் தொழிற்சாலை வேலை பார்த்து 60 வயதில் நின்றேன். இப்போது 64. வீட்டுக்காரர் தவறி ஒன்பது வருஷம் ஆகிறது. வீட்டில் அம்மாவும் நானும் மட்டும்தான்.

அம்மாவுக்கு 90. முப்பத்தைந்து வருஷம் ரப்பர்த் தோட்டத்தில் பால்மரம் வெட்டியவர். ரத்த அழுத்தத்துக்கு மாத்திரை சாப்பிடுகிறார், காது மந்தம். மற்றபடி பெரிய நோய் எதுவும் இல்லை. ஆனால் விடியற்காலை நாலு மணிக்கே எழுந்து பாத்திரத்தை உருட்டுவார், வாசல் கதவைத் திறந்துபோட்டு உட்கார்ந்துகொள்வார். உள்ளே வாங்க என்றால் சில நாள், "வெயில் ஏறிட்டா பால் வராது" என்கிறார். ராத்திரி இரண்டு மூன்று தடவை கழிவறைக்குக் கூட்டிப்போக வேண்டும். எனக்கும் இனிப்புநீர் (சர்க்கரை நோய்) இருக்கிறது, முழங்கால் தேய்ந்துவிட்டது.

மகள் ஷா ஆலாமில் இருக்கிறாள். மார்ச்சில் அவளுக்குப் பிள்ளை பிறந்தது. என்னால் போக முடியவில்லை, அவள் கூலிக்கு ஆள் வைத்துக்கொண்டாள். என்னை ஒரு வார்த்தை சொல்லவில்லை. அதுதான் வலிக்கிறது.

ஆடி மாதம் கோயிலில் அம்மாவுக்குப் பொன்னாடை போர்த்தினார்கள். எல்லாரும் காலில் விழுந்து, "பாட்டி நூறு வயசு இருக்கணும்" என்றார்கள். நூறு என்றால் அப்போது எனக்கு 74 என்று மனம் கணக்குப் போட்டது. அம்மா போய்ச் சேர்ந்தால் தேவலை என்று ஒரு நொடி நினைத்துவிட்டேன். வீட்டுக்கு வந்து சமையல்கட்டில் வாயிலேயே போட்டுக்கொண்டேன். அண்ணன் கோலாலம்பூரில், தம்பி ஜொகூரில். தீபாவளிக்கு வந்து போவார்கள். அம்மாவின் ஊழியர் சேமநிதிப் பணம்கூட தம்பி வீடு வாங்கும்போதே கரைந்துவிட்டது. அவர்களிடம் இதையெல்லாம் சொல்ல முடியுமா? நான் பாவியா?

ஒரு மகள்

*

அன்புள்ள அக்கா,

இல்லை, நீங்கள் பாவி இல்லை. பெற்றோரைப் பார்த்துக்கொள்கிற பலர் என்னிடம் இதே நினைப்பைச் சொல்லியிருக்கிறார்கள். பெரும்பாலும் பேசி முடித்து எழுந்த பிறகு, கதவுப் பிடியில் கை வைத்துக்கொண்டு.

உங்கள் கணக்கையே திரும்பப் பாருங்கள். அம்மாவின் வயதோடு நிறுத்தாமல் உங்கள் வயதையும் கூட்டியிருக்கிறீர்கள். உங்களைக் கலங்கடித்த எண் நூறா, 74-ஆ? பேரப்பிள்ளையைத் தூக்க முழங்காலில் தெம்பு இருக்கிற வருஷங்கள் கையைவிட்டுப் போகின்றனவே என்ற பயம்தான் எனக்குக் கேட்கிறது.

நீங்கள் நிற்கிற இடத்தில் உங்கள் பாட்டி நின்றிருக்க மாட்டார். நம் நாடு (அன்றைய மலாயா) சுதந்திரம் பெற்ற 1957-இல் இங்கே சராசரி ஆயுள் ஆணுக்கு ஏறக்குறைய 56, பெண்ணுக்கு 58. இன்று இருவருக்கும் சேர்த்து 75-ஐ ஒட்டி நிற்கிறது. (அன்று 60-ஐத் தாண்டியவரே இல்லை என்று நினைத்துவிடாதீர்கள். கைக்குழந்தையிலும் சிறு வயதிலும் போனவர்களும் சராசரியைக் கீழே இழுத்தார்கள்.) தானும் கிழவியாகி, இன்னொருவருக்கு மகளாகவும் இருப்பது எப்படி என்று சொல்லிக்கொடுக்க தோட்டத்து லயத்தில் (தொழிலாளர் வரிசை வீடுகளில்) ஆள் குறைவு. அப்படி இருந்தவர்களுக்கும் பக்கத்து வீட்டுக் கதவு திறந்தே கிடந்தது. தாமானில் வீட்டுக்கு வீடு இரும்புக் கேட்.

பணமும் அப்படித்தான். சேமநிதி 1951-இல் வந்தது. 55 வயதில் மொத்தமாக எடுக்கலாம். உங்கள் அம்மா 55-ஐத் தாண்டி 35 வருஷம் ஆகிறது. பால்மரம் வெட்டிய காலத்துக்குச் சமமாக ஓய்வுக் காலம்! உங்கள் தலைமுறைக்கு 2013 ஜூலையில் தனியார் துறை ஓய்வு வயதை 60 ஆக்கினார்கள். அதற்கு அப்புறம் வருகிற வருஷங்களை வீட்டில் ஒரு பெண்பிள்ளை சுமப்பாள் என்று எல்லாரும் பேசாமல் விட்டுவிட்டார்கள்.

இனி நாலு மணி விஷயம். முப்பத்தைந்து வருஷம் இருட்டில் எழுந்து பெரட்டுக்கு (தோட்டத்தில் காலையில் ஆள் கணக்கெடுப்பதற்கு) போன உடம்பு அது. பால் குளிர்ச்சியில்தான் நன்றாக ஓடும், வெயில் ஏறினால் குறையும். அவர் சொல்வது தொழில்படி சரியான பேச்சு. வயதானால் தூக்கமும் முன்கூட்டியே வந்து முன்கூட்டியே கலையும். ஆனால் "சில நாள்" என்று எழுதியிருக்கிறீர்களே, அங்கே நான் நின்றுவிட்டேன். தோட்டம் இன்னும் இருப்பதாகவே நினைத்துச் சொல்கிறாரா, பழைய நினைவில் சொல்கிறாரா? இது சமீபத்தில் தொடங்கியதென்றால் அரசாங்கக் கிளினிக்கில் காட்டி, ஞாபகசக்திப் பரிசோதனை கேளுங்கள். சிறுநீர்த் தொற்றுகூட முதியவர்களைத் திடீரென்று குழப்பும். ரத்த அழுத்த மாத்திரைகளில் சில சிறுநீரை அதிகமாக்கும். அம்மா சாப்பிடுவது அந்த வகையா, ராத்திரியில் கொடுக்கிறீர்களா என்று டாக்டரிடம் கேளுங்கள். நீங்களாக நேரத்தை மாற்ற வேண்டாம். கட்டில் பக்கத்தில் ஒரு கழிப்பறை நாற்காலி வைத்தால் உங்கள் இரண்டு முழங்காலுக்கும் விமோசனம்.

அண்ணன் தம்பியை உங்கள் கடிதத்தின் கடைசியில் ஒரு வரியில் கடந்துவிட்டீர்கள். அதில் எனக்கு உடன்பாடில்லை. மனதில் ஓடிய நினைப்பை அவர்களிடம் சொல்ல வேண்டிய கட்டாயம் எதுவும் இல்லை. ஆனால் "முடிந்தால் வாங்க" என்றால் யாரும் வரமாட்டார்கள். தேதி சொல்லுங்கள். தீபாவளிக்கு வருகிற தம்பி பத்து நாள் தங்கட்டும். அம்மாவின் பணத்தில் வீடு வாங்கியவர் அவர், அதை நினைவுபடுத்துவது சண்டை ஆகாது. அண்ணனுக்குத் தைப்பூச வாரம். அம்மாவை அங்குமிங்கும் மாற்ற வேண்டாம், புது இடம் குழப்பத்தைக் கூட்டும். அவர்கள் வரட்டும், நீங்கள் ஷா ஆலாம் போங்கள். பஸ் டிக்கெட்டை முதலில் எடுத்துவிட்டு அப்புறம் தம்பிக்குப் போன் செய்யுங்கள்.

சமூகநல இலாகாவில் முதியவர்களை வீட்டுக்கே வந்து பார்க்கும் தொண்டர்கள் சேவை உண்டு. பகல் நேரத்தில் முதியவர்கள் கூடுகிற 'பாவே' மையங்களும் உண்டு. உங்கள் வட்டாரத்தில் என்ன இருக்கிறது என்று விசாரியுங்கள். தோட்டத்துச் சிநேகிதி ஒருத்தி அங்கே கிடைத்தால் அம்மாவுக்கு மாத்திரையைவிட மேல்.

நூறு வயசு என்று எல்லாரும் வாழ்த்தினார்களே, அது வேண்டுமா என்று அம்மாவை யாராவது கேட்டார்களா? ஒரு நாள் நாலு மணிக்கு அவர் எழும்போது நீங்களும் எழுந்து, இரண்டு வரக்கோப்பி கலக்கி, வாசலில் பக்கத்தில் உட்கார்ந்து கேளுங்கள். காது மந்தம் என்பதால் முகம் பார்த்து, மெதுவாக. அன்று மதியம் நன்றாகத் தூங்கிக்கொள்ளுங்கள்.