சீரியல் ஜோடிக்கு நிஜக் கல்யாணமா?

கேள்வி: சீரியலில் ஜோடியாக நடிக்கும் நடிகையும் நடிகரும் ரகசியமாகக் கல்யாணம் செய்துகொண்டதாக யூடியூபில் படத்தோடு போடுகிறார்கள். தாலிகூடத் தெரிகிறது. நிஜமா?
- வாசகி, தங்கச்சிமடம்

பதில்: தாலி நிஜம்தான், ஆனால் அது காஸ்ட்யூமர் பெட்டியில் இருக்கிற தாலி! கல்யாண எபிசோடில் ஒரு காட்சியை வெட்டி, மேலே 'அதிர்ச்சி' என்று எழுதினால் வீடியோ தயார்.

தனுஷ்கோடியில் ஒரு காதல் காட்சி எடுத்ததைப் பக்கத்தில் நின்று பார்த்திருக்கிறேன். நாயகி உருகி உருகிப் பேசிய குளோசப்பில் எதிரே காதலன் இல்லை. வசனத் தாளோடு உதவி இயக்குநர்தான் நின்றார். கண் கலங்கியதில் பாதி, காற்றில் வந்த மணல். அந்த இரைச்சலில் வசனம் எங்கே பதிவாகும்? எல்லாம் பிறகு டப்பிங்தான். வெளிமாநில நடிகை என்றால் பெரும்பாலும் குரலே வேறொருவருடையது. சுற்றி நின்ற எங்கள் கூட்டம் பொரித்த மீனைத் தின்றபடி 'ரெண்டு பேருக்கும் ஏதோ இருக்கு' என்று முடிவுகட்டியது தனிக்கதை.

2023-ல் நடிகை திவ்யா ஸ்பந்தனா இறந்துவிட்டதாகவே செய்தி பரவியது. அவரோ ஜெனீவாவில் நலமாக இருந்தார். அதே ஆண்டு ராஷ்மிகா மந்தனாவின் முகத்தை வேறொரு பெண்ணின் வீடியோவில் ஒட்டிப் பரப்பினார்கள். சந்தேகம் வந்தால் படத்தை வைத்தே தேடித்தரும் கூகுள் லென்ஸில் போட்டுப் பாருங்கள். பெரும்பாலும் பழைய எபிசோடு வந்து நிற்கும்.

கேள்வி: வீட்டுக்காரர் இதையெல்லாம் குடும்ப குரூப்பில் அனுப்புகிறாரே?
- அதே வாசகி

பதில்: நிறுத்தச் சொல்லுங்கள். அவதூறுக்கு பாரதிய நியாய சன்ஹிதா என்ற குற்றவியல் சட்டத்தின் 356-ஆம் பிரிவில் 2 ஆண்டு வரை சிறை உண்டு.