மாசம் எவ்ளோன்னு மட்டும் கேக்காதீங்க: வீட்டு லோன் கேள்வி-பதில்

இந்த தடவை வந்த கேள்வில பாதிக்கு மேல வீட்டு லோன் பத்திதான். ஒண்ணு போலவே இருந்ததை எல்லாம் சேத்து அஞ்சு கேள்வியா ஆக்கிட்டேன். கணக்கு எல்லாம் மாசாமாசம் கொறையற பாக்கிக்கு வட்டி போடற முறைல போட்டது, உங்க பேங்க் கணக்குல நூறு இருநூறு முன்ன பின்ன வரலாம்.

கேள்வி: அக்கா, தாம்பரம் பக்கம் 50 லட்சத்துக்கு ஃப்ளாட் பாத்திருக்கோம், 40 லட்சம் லோன், வட்டி 8.5%. 20 வருஷம்னா இஎம்ஐ 34,713, 30 வருஷம்னா 30,757னு பேங்க்ல சொல்றாங்க. 4 ஆயிரம்தானே வித்தியாசம், எனக்கு 29 வயசுதான் ஆகுது, 30 வருஷமே போட்டுக்கவா?

தம்பி, அந்த 4 ஆயிரம் எதுலருந்து கொறையுதுன்னு பாத்தீங்களா? 40 லட்சத்துக்கு 8.5%னா முதல் மாச வட்டி 28,333 ரூபா. நீங்க 20 வருஷம் எடுத்தாலும் 30 வருஷம் எடுத்தாலும் இந்த 28,333 மாறாது, பேங்க் அதுல ஒரு பைசா விட்டுத்தராது. 34,713 கட்டினா மிச்சம் 6,380 அசல்ல கழியும். 30,757 கட்டினா 2,424தான் அசலுக்கு போகும். அதாவது நீங்க கொறைக்கிற 4 ஆயிரமும் முழுக்க முழுக்க உங்க கடனை அடைக்க வேண்டிய காசு, வட்டிலருந்து எதுவுமே கொறையல.

மொத்தமா பாத்தா 20 வருஷத்துல நீங்க கட்டறது 83 லட்சத்து 31 ஆயிரம், 30 வருஷத்துல 1 கோடியே 10 லட்சத்து 72 ஆயிரம். மாசம் 4 ஆயிரம் கம்மியா கட்டறதுக்கு 27 லட்சத்து சொச்சம் கூடுதல் வட்டி. 15 வருஷம்னு கேட்டிருந்தா இஎம்ஐ 39,390 வரும், மொத்தம் 70 லட்சத்து 90 ஆயிரத்தோட முடிஞ்சிரும், ஆனா அதை பேங்க்ல அவங்களா சொல்ல மாட்டாங்க, நாமதான் கேக்கணும்.

இன்னொண்ணும் மனசுல வச்சுக்கோங்க, 20 வருஷ லோன்லயே முதல் வருஷம் பூரா 4 லட்சத்து 16 ஆயிரம் கட்டி முடிச்சப்புறம் அசல் 80 ஆயிரம் கூட கொறைஞ்சிருக்காது. அஞ்சு வருஷம் கழிச்சு வேலை மாறி கோயம்புத்தூர் போறீங்க, வீட்டை விக்கணும்னு வைங்க, அதுக்குள்ள 20 லட்சத்து 82 ஆயிரம் கட்டியிருப்பீங்க, ஆனா பாக்கி இன்னும் 35 லட்சத்து 25 ஆயிரம் நிக்கும். நெறைய பேர் அங்கதான் அதிர்ச்சி ஆகறாங்க.

இப்ப உங்க வீட்ல ஒரு மாமா சொல்வாரு, 30 வருஷம் கழிச்சு 30 ஆயிரத்துக்கு என்ன மதிப்பு இருக்கும், அப்ப அது ஒரு காசாடான்னு. அவர் சொல்றதுல நியாயம் இருக்கு, வாடகை மிச்சமாகறதையும் கணக்குல எடுத்துக்கணும், 30 வருஷத்துல போற 70 லட்சத்து சொச்சம் வட்டி மொத்தமும் நஷ்டம்னு நானும் சொல்ல மாட்டேன். ஆனா அந்த வாதம் சம்பளம் வருஷாவருஷம் ஏறினாதான் பலிக்கும், தனியார் வேலைல 45 வயசுக்கு மேல என்ன ஆகும்னு யாருக்கு தெரியும்.

30 வருஷம் போட்டுட்டு மாசாமாசம் நானா 4 ஆயிரம் சேத்து கட்டிக்கறேன், கஷ்டம் வந்தா நிறுத்திக்கறேன்னு சொல்ற ஆளும் உண்டு. கணக்குப்படி அது சரிதான், 20 வருஷத்துலயே முடிஞ்சிரும். நடைமுறைல ஸ்கூல் ஃபீஸ், தீபாவளி, தங்கச்சி கல்யாணம்னு ஆறாவது மாசமே அந்த 4 ஆயிரம் காணாம போயிரும். உங்களால ரெண்டு பேர் சம்பளத்துல 34,713 கட்ட முடியும்னா 20 வருஷமே போடுங்க, இதுல யோசிக்க ஒண்ணுமில்ல.

கேள்வி: மேடம், மதுரைல பழைய தனி வீடு ஒண்ணு 50 லட்சத்துக்கு முடிக்கிறோம். 40 லட்சம் லோன் சாங்ஷன் ஆகும்னு சொல்லிட்டாங்க, கைல சரியா 10 லட்சம் இருக்கு. இது போதும்ல?

போதாது சார். பத்திர செலவு எங்க? தமிழ்நாட்டுல கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத்தாள் 7%, பதிவுக் கட்டணம் 2%, ஆக 9%. கைட்லைன் வேல்யூ (அந்த இடத்துக்கு அரசு வச்சிருக்கற மதிப்பு), நீங்க போடற விலை, ரெண்டுல எது ஜாஸ்தியோ அதுக்கு. 50 லட்சத்துக்கு நாலரை லட்சம் ஆச்சு. இதை வீட்டு விலையோட சேத்து லோன் குடுங்கன்னு கேக்க முடியாது, 30லருந்து 75 லட்சம் வரைக்குமான லோனுக்கு சொத்து மதிப்புல 80%தான் உச்சம்னு ஆர்பிஐ (ரிசர்வ் பேங்க்) சொல்லியிருக்கு, பத்திர செலவை அந்த மதிப்புல சேக்கக்கூடாதுன்னும் சொல்லியிருக்கு.

அப்புறம் பத்திரத்தை பேங்க்ல ஒப்படைக்கிறதுக்கு ஒரு பதிவு இருக்கு, எம்ஓடின்னு சொல்வாங்க. லோன் தொகைல அரை சதவீதம் முத்திரை, அதிகபட்சம் 30 ஆயிரம், பதிவுக் கட்டணம் அதிகபட்சம் 6 ஆயிரம். உங்க 40 லட்சத்துக்கு 26 ஆயிரம் வரும். ப்ராசஸிங் ஃபீஸ், லீகல் ஒப்பீனியன், வேல்யூவேஷன், டாக்குமெண்ட் ரைட்டர் எல்லாம் தனி. பழைய வீடுன்னா வயரிங், பைப்புன்னு குடிபோறதுக்கு முன்னாடியே ஒரு தொகை எடுத்து வைக்கணும். இந்த அஞ்சாறு லட்சம் கைல இல்லாதவங்க கடைசி நேரத்துல நகைக்கடன், பர்சனல் லோன்னு ஓடறாங்க, அப்ப 8.5% வீட்டு லோன் மேல 14% லோன் ஒண்ணு ஏறி உக்காந்துக்கும்.

இதைவிட எனக்கு கோவம் வர்ற ஐட்டம் இன்சூரன்ஸ்தான். கையெழுத்து போடற அன்னிக்கு "லோனுக்கு பாதுகாப்பு சார், தனியா காசு தர வேணாம், லோன்லயே சேத்துக்கலாம்"னு ஒரு ஃபார்ம் நீட்டுவாங்க. 1 லட்சத்து 20 ஆயிரம் பிரீமியம்னு வைங்க, அதை 20 வருஷ லோன்ல சேத்தா மாசம் 1,041 ரூபா, முடியறப்ப ரெண்டரை லட்சம் கட்டியிருப்பீங்க. குடும்பத்துக்கு பாதுகாப்பு கண்டிப்பா வேணும், நான் வேணாம்னு சொல்லல, அதுக்கு தனியா ஒரு டேர்ம் பாலிசி எடுங்க, லோனை வேற பேங்க்குக்கு மாத்தினாலும் அது உங்களோடவே இருக்கும். அவங்க நீட்டற பாலிசியவே எடுத்தாதான் லோன்னு சொல்றதுக்கு எந்த சட்டமும் கிடையாது. அப்படி சொன்னா எழுத்துல குடுங்கன்னு கேளுங்க, முக்கால்வாசி பேர் அதோட பேச்சை மாத்திருவாங்க.

2024 அக்டோபர்லருந்து புதுசா குடுக்கற வீட்டு லோன் எல்லாத்துக்கும் கேஎஃப்எஸ்னு, லோனோட முக்கிய விவரம் எல்லாம் போட்ட ஒரு தாள் குடுத்தாகணும். அதுல ஏபிஆர்னு ஒரு வரி இருக்கும், வட்டியோட ப்ராசஸிங் ஃபீஸ், இன்சூரன்ஸ் மாதிரி அவங்க மூலமா பிடிக்கிற செலவையும் சேத்து போட்ட வருஷ சதவீதம் அது. ரெண்டு பேங்க்கை ஒப்பிடணும்னா விளம்பரத்துல போடற வட்டிய விட்டுட்டு இந்த வரிய வச்சு ஒப்பிடுங்க.

கேள்வி: திருப்பூர்லருந்து எழுதறேன். 2021ல 30 லட்சம், 6.9% வட்டி, 20 வருஷம். ஒரு மாசம் கூட தவறாம அதே 23 ஆயிரம் சொச்சம் கட்டிட்டு வந்தேன். 2023ல ஸ்டேட்மெண்ட் எடுத்து பாத்தா லோன் நான் ரிட்டயர் ஆகி ரொம்ப வருஷம் கழிச்சு முடியும்னு காட்டுச்சு. யாருமே எங்கிட்ட எதுவும் கேக்கலையே, இது எப்படி?

உங்கள மாதிரி ஆயிரக்கணக்கான பேர் இருக்காங்க. ரெப்போன்னா ரிசர்வ் பேங்க் மத்த பேங்க்குக்கு கடன் குடுக்கற வட்டி, 2022 மே மாசம் வரைக்கும் அது 4%. அங்கருந்து ஏத்த ஆரம்பிச்சு 2023 பிப்ரவரில 6.5%ல கொண்டு வந்து நிறுத்தினாங்க. 2019 அக்டோபருக்கு அப்புறம் பேங்க்ல எடுத்த ஃப்ளோட்டிங் லோன், அதாவது வட்டி ஏறி எறங்கற லோன், பெரும்பாலும் ரெப்போவோட கட்டினது, அதனால உங்க 6.9 நேரா 9.4 ஆயிருச்சு. இஎம்ஐ ஏத்தினா நீங்க சண்டைக்கு வருவீங்க, அதனால சத்தமில்லாம வருஷத்தை நீட்டி விட்டுட்டாங்க.

தோராயமா போட்டு பாப்போம். ரெண்டு வருஷம் கட்டினப்புறம் உங்க பாக்கி 28 லட்சத்து 50 ஆயிரம் இருந்திருக்கும். 9.4%ல அதுக்கு ஒரு மாச வட்டி 22,328. உங்க இஎம்ஐ 23,079. அசலுக்கு போறது 751 ரூபா! மீதி 18 வருஷம் இருக்க வேண்டிய லோன் 36 வருஷத்துக்கு மேல ஆயிரும். இதுவே ஆரம்பத்துலயே நீங்க 30 வருஷம் போட்டிருந்தா வட்டிக்கே இஎம்ஐ பத்தாம அசல் ஏற ஆரம்பிச்சிருக்கும்.

இந்த கூத்து எல்லாம் பாத்துட்டுதான் 2023 ஆகஸ்ட்ல ஆர்பிஐ ஒரு உத்தரவு போட்டுச்சு. வட்டி மாறும்போது இஎம்ஐ ஏத்தறதா, வருஷத்தை நீட்டறதா, இல்ல ரெண்டும் கலந்தான்னு உங்கள கேக்கணும். ஃபிக்ஸட் வட்டிக்கு (மாறாத வட்டிக்கு) மாறறீங்களான்னும் கேக்கணும்னு அப்ப இருந்துச்சு, 2025 அக்டோபர்லருந்து அது பேங்க்கோட இஷ்டம். மூணு மாசத்துக்கு ஒரு தடவை, இதுவரைக்கும் அசல் எவ்ளோ வட்டி எவ்ளோ போச்சு, இன்னும் எத்தனை தவணை பாக்கின்னு ஸ்டேட்மெண்ட் தரணும். அந்த ஸ்டேட்மெண்ட்ல "மீதி தவணை"னு இருக்கற எண்ணை மட்டும் ஒவ்வொரு தடவையும் ஒரு டைரில எழுதி வைங்க, மூணு மாசத்துல அது மூணு கொறையலன்னா உள்ள ஏதோ நடந்திருக்கு.

இப்ப நிலைமை கொஞ்சம் தேவல. 2025ல ரெப்போ படிப்படியா எறங்கி டிசம்பர்ல 5.25%க்கு வந்துச்சு. உங்க லோன்ல அது வந்து சேந்துச்சான்னு மொதல்ல பாருங்க. ரெப்போ லோன்னா தானா எறங்கியிருக்கும், ஹவுசிங் ஃபைனான்ஸ் கம்பெனில எடுத்திருந்தா அவங்க சொந்த ரேட்டை வச்சு போடறதால ஏத்தறப்ப ஓடி வருவாங்க எறக்கறப்ப ஆற அமர வருவாங்க. எறங்குனதுக்கு இஎம்ஐய கொறைக்கட்டுமான்னு கேட்டா வேண்டவே வேண்டாம், அதே இஎம்ஐ இருக்கட்டும், வருஷம் கொறையட்டும்.

அடுத்து உங்க ஸ்ப்ரெட் என்னன்னு பாருங்க. ரெப்போவுக்கு மேல பேங்க் வைக்கிற பங்கு அது, சாங்ஷன் லெட்டர்ல இருக்கும். உங்களுக்கு 2.9 வச்சிருக்காங்க (6.9ல அப்ப இருந்த ரெப்போ 4 போக), புதுசா இன்னிக்கு கதவை தட்டறவனுக்கு அதைவிட கம்மியா குடுக்கறாங்கன்னா, எனக்கும் கொறைங்கன்னு கேளுங்க. ஒரு சின்ன ஃபீஸ் வாங்கிட்டு கொறைப்பாங்க. 27 லட்சம் பாக்கிக்கு அரை சதவீதம் கொறைஞ்சா முதல் வருஷத்துலயே 13 ஆயிரத்து சொச்சம் மிச்சம். மாட்டேன்னு சொன்னா வேற பேங்க்குக்கு மாத்தலாம், ஆனா இங்க திரும்ப எம்ஓடி போடணும், அதுவே 20 ஆயிரம் கிட்ட, லீகல் ஃபீஸ் வேற, அதனால கால் சதவீதத்துக்காக எல்லாம் மாத்தாதீங்க.

கேள்வி: கைல 2 லட்சம் போனஸ் வந்திருக்கு, லோன் எடுத்து ரெண்டு வருஷம் ஆச்சு (40 லட்சம், 8.5%, 20 வருஷம்). லோன்ல கட்டிடலாம்னு நான் சொல்றேன், வீட்டு லோன் இருந்தா டாக்ஸ் மிச்சம், கட்டாதேன்னு மாமனார் சொல்றாரு. எஃப்டில போடலாமா?

மாமனார் சொல்றது பழைய வரிமுறைல இருந்தவங்களுக்கு. புது வரிமுறைல நீங்க குடியிருக்கற வீட்டுக்கு கட்டற வட்டிக்கு கழிவே கிடையாது. பழைய முறைலயும் வருஷம் 2 லட்சம் வரைக்கும்தான், அதுவும் 30% ஸ்லாப்ல இருந்தா 1 லட்சம் வட்டி கட்டி 31,200 டாக்ஸ் மிச்சம் பண்ணுவீங்க, மீதி 68,800 போனது போனதுதான். எஃப்டி வட்டிக்கு டாக்ஸ் வேற பிடிப்பாங்க, லோன் வட்டிய விட அது கம்மியாதான் நிக்கும்.

உங்க லோன்ல இப்ப 2 லட்சம் கட்டினா கடைசில 24 தவணை காணாம போயிரும், அதாவது கிட்டத்தட்ட ஆறரை லட்சம் வட்டி மிச்சம். இதே 2 லட்சத்தை 15 வருஷம் கழிச்சு கட்டினா எட்டு ஒம்பது தவணைதான் கொறையும், மிச்சம் 1 லட்சத்துக்குள்ள. அதனால முன்கூட்டி கட்டறதா இருந்தா முதல் ஏழெட்டு வருஷத்துலயே கட்டணும். வருஷத்துக்கு ஒரே ஒரு இஎம்ஐ கூடுதலா கட்டிட்டு வந்தாலே 20 வருஷ லோன் பதினாறே முக்கால் வருஷம் கிட்ட முடியும், 8 லட்சத்துக்கு மேல மிச்சம். தனிநபருக்கு ஃப்ளோட்டிங் வட்டி வீட்டு லோன்ல முன்கூட்டி கட்டறதுக்கு அபராதம் கிடையாது, கேட்டா குடுக்காதீங்க.

ஆனா ஆறு மாச செலவுக்கான காசு தனியா இல்லன்னா மொதல்ல அதை எடுத்து வைங்க, லோன்ல போட்ட காசை ஆஸ்பத்திரி செலவுன்னு திரும்பி கேட்டா பேங்க் தராது. கட்டறப்ப "இஎம்ஐ கொறைக்க வேண்டாம், தவணைக்காலத்தை கொறைங்க"ன்னு எழுதி குடுத்து, புது அட்டவணைய கையோட வாங்கிட்டு வாங்க.

கேள்வி: அப்பாவோட லோன் போன மாசம் முடிஞ்சிருச்சு. பத்திரம் வாங்கிட்டா வேலை முடிஞ்சுதா?

முடியல. கடைசி காசு கட்டின 30 நாளுக்குள்ள எல்லா ஒரிஜினலும் திருப்பி தரணும், அவங்க தப்பால தாமதமானா நாளுக்கு 5 ஆயிரம் ரூபா உங்களுக்கு குடுக்கணும், 2023 டிசம்பர்லருந்து இதுதான் விதி. லோன் எடுத்தப்ப குடுத்த லிஸ்ட்டை வச்சு ஒவ்வொரு தாளா சரி பாத்து வாங்குங்க, தாய்ப்பத்திரம்தான் அடிக்கடி விட்டுப்போகும். அப்புறம் எம்ஓடி போட்ட அதே சார்பதிவாளர் ஆபீஸ்ல பேங்க்காரரை வரவச்சு, கடன் அடைஞ்சிருச்சுங்கற ரசீதை பதிவு பண்ணணும், இதுக்கும் ஒரு சின்ன செலவு உண்டு. இதை பண்ணாம விட்டா வில்லங்க சான்றுல கடன் அப்படியே நிக்கும், பத்து வருஷம் கழிச்சு விக்க போறப்ப அந்த பேங்க் கிளையே வேற எங்கயோ மாறியிருக்கும், அலையறது நீங்கதான். பதிவு முடிஞ்சு ரெண்டு வாரம் கழிச்சு ஆன்லைன்ல ஒரு வில்லங்கம் போட்டு பாருங்க, ரசீது ஏறியிருக்கணும். சிபில்லயும் (உங்க கடன் வரலாறு இருக்கற ரிப்போர்ட்) "க்ளோஸ்ட்"னு மாறிடுச்சான்னு அப்பவே பாத்துருங்க.