இடிக்கும் முன் கொஞ்சம் சுரண்டிப் பாருங்கள்

கேள்வி: "சூழலுக்கு நல்லது செய்ய வேண்டுமா? புதிதாகக் கட்டாதீர்கள், இருக்கிற கட்டடத்தைத் திருத்திப் பயன்படுத்துங்கள்" என்று ஒரு கட்டடக் கலைஞரே பிரசாரம் செய்கிறார். மின்சாரத்தை விழுங்கும் பழைய கட்டடத்தை இடித்துவிட்டு, சோலார் பேனலோடு ஒரு பசுமைக் கட்டடம் எழுப்புவதல்லவா புத்திசாலித்தனம்? கட்டாதே என்று சொல்ல ஆர்க்கிடெக்ட் எதற்கு?

பதில்: சோலார் பேனலைப் பழைய மொட்டைமாடியிலும் மாட்டலாம். கீழே இருப்பதை இடித்தால்தான் வருவேன் என்று எந்தப் பேனலும் அடம்பிடிப்பதில்லை.

மாதாமாதம் வரும் மின்கட்டணத்தை மட்டும் பார்க்கிறீர்கள். கட்டி முடிப்பதற்குள் எரித்துத் தீர்த்தது உங்கள் கணக்கில் வரவே இல்லை. சிமென்ட், கம்பி, செங்கல், கண்ணாடி எல்லாமே உலையிலோ சூளையிலோ வெந்து வந்தவை. சிமென்ட்டையே எடுத்துக்கொள்ளுங்கள். சுண்ணாம்புக்கல்லை மற்ற பொருட்களோடு சேர்த்துச் சுமார் 1,450 டிகிரி செல்சியஸ் வரை சுடுகிறார்கள். அப்போது எரிபொருள் விடும் புகையைவிட, கல்லுக்குள்ளிருந்து பிரிந்து வரும் கார்பன் டை ஆக்சைடு அதிகம். சூளையைச் சூரிய சக்தியிலேயே ஓட்டினாலும் அது வரத்தான் செய்யும். உலகம் வெளியேற்றும் கார்பன் டை ஆக்சைடில் ஏறக்குறைய 7, 8 சதவீதம் சிமென்ட்டின் கணக்குதான்.

ஆக, உங்கள் பசுமைக் கட்டடம் திறப்பு விழாவுக்கே கழுத்துவரை கார்பன் கடனோடு வருகிறது. அமெரிக்காவில் வரலாற்றுக் கட்டடங்களைப் பாதுகாக்கும் தேசிய அறக்கட்டளை 2012இல் ஓர் ஆய்வை வெளியிட்டது. சராசரிப் பழைய கட்டடத்தைவிட 30 சதவீதம் சிக்கனமான புதுக் கட்டடம்கூட இந்தக் கடனை அடைக்க 10 முதல் 80 ஆண்டுகள் ஆகும் என்கிறது அது. அவர்களுக்குப் பழைய கட்டடங்கள்மேல் பாசம் இருக்கும், சரி. பாதியாகக் குறைத்துக்கொள்ளுங்கள், அப்போதும் 5 முதல் 40 ஆண்டுகள். அதற்குள் அந்தக் கட்டடத்தையும் "பழசு" என்று யாராவது இடிக்க வந்துவிடுவார்கள்.

கட்டாதே என்று சொல்ல ஆர்க்கிடெக்ட் எதற்கு என்கிறீர்கள். 1996இல் பிரான்சின் போர்தோ நகரம், ஒரு சதுக்கத்தை அழகுபடுத்தித் தரும்படி ஆன் லக்காத்தோன், ழான் பிலிப் வஸ்ஸால் என்ற இரு கட்டடக் கலைஞர்களைக் கேட்டது. அவர்கள் இடத்தைப் பார்த்தார்கள், அங்கே குடியிருப்பவர்களிடம் பேசினார்கள். இது நன்றாகத்தானே இருக்கிறது என்று முடிவு செய்து, சரளையை மாற்றுங்கள், மரங்களைக் கவனியுங்கள், அடிக்கடி பெருக்குங்கள் என்பதோடு நிறுத்திக்கொண்டார்கள். அதே நகரத்தில் 1960களில் கட்டிய அடுக்குமாடிகள் மூன்றை, மொத்தம் 530 வீடுகளை, வேறு இரு கட்டடக் கலைஞர்களோடு சேர்ந்து திருத்தியவர்களும் இவர்கள்தாம். சின்ன ஜன்னல்களை எடுத்துவிட்டு ஆள் நுழையும் அளவுக்குத் திறப்பு வைத்தார்கள். வெளியே ஒவ்வொரு வீட்டுக்கும் கண்ணாடித் தாழ்வாரம் சேர்த்தார்கள். வெயில் ஏறும் அந்தத் தாழ்வாரம் குளிர்காலத்தில் வீட்டின் சூடு வெளியே போகாமல் தடுக்கிறது. குடியிருந்தவர்கள் காலி செய்யாமலேயே வேலை நடந்தது. 2021இல் கட்டடக் கலையின் பெரிய விருதான பிரிட்ஸ்கர் இந்த இருவருக்குக் கிடைத்தது. காலி மனையில் கோடு போடுவதைவிட, ஆள் இருக்கும் வீட்டில் கை வைப்பது சிரமமான வேலை.

எல்லாக் கட்டடத்தையும் காப்பாற்றியே தீர வேண்டும் என்று சொல்லவில்லை. கம்பி துருப்பிடித்து ஊதி, கான்கிரீட் பாளம் பாளமாகப் பெயர்ந்துவிட்டால், சில நேரம் இடிக்கத்தான் வேண்டும். ஆனால் அதைக் கண்ணால் பார்த்து மட்டும் சொல்லக் கூடாது. தூணில் பூச்சை நீக்கி, கான்கிரீட்டைக் கொஞ்சம் கொத்தி, புதிதாக உடைந்த இடத்தில் பினாப்தலீன் கரைசலைத் தெளிப்பார்கள். பளிச்சென்று இளஞ்சிவப்பானால், கம்பியைத் துருவிடமிருந்து காக்கும் காரத்தன்மை அங்கே இன்னும் இருக்கிறது. நிறம் மாறாத பகுதியில் காற்றிலுள்ள கார்பன் டை ஆக்சைடு புகுந்துவிட்டது. அது மேலோட்டமாக நிற்கிறதா, கம்பி வரை போய்விட்டதா என்று அளந்து பார்ப்பார்கள். இதோடு, கான்கிரீட்டை உருளையாகத் துளைத்தெடுத்து அதன் பலத்தையும் சோதிப்பார்கள். அப்புறம்தான் இடிப்பதா, பழுது பார்ப்பதா என்ற பேச்சு.

நீங்கள் சொல்லும் அந்தப் பழைய கட்டடத்தில் யாராவது இதையெல்லாம் செய்து பார்த்தார்களா?