வாசகர் கேள்வி – பதில்: பணிப்பெண் வேடத்திலிருந்து மிஸ் மார்ப்பிள் வரை

கேள்வி (தஞ்சாவூர் வாசகி): ஆங்கில எழுத்தாளர் அகதா கிறிஸ்டி படைத்த துப்பறியும் மூதாட்டி மிஸ் மார்ப்பிளின் கதைகளை வைத்து பிபிசி தயாரித்த தொடரை அண்மையில்தான் முழுவதும் பார்த்து முடித்தேன். அதில் நடித்த ஜோன் ஹிக்சனுக்குத் தொடர் தொடங்கியபோதே 78 வயது என்று அறிந்து வியந்துபோனேன். அதுவரை அவர் எங்கே இருந்தார்?

பதில்: நடித்துக்கொண்டுதான் இருந்தார் அம்மா, நாம்தான் பெயரைக் கேட்டுவைத்துக்கொள்ளவில்லை. 1906 ஆகஸ்டில் இங்கிலாந்தின் நார்தாம்ப்டன் நகரை ஒட்டிய கிங்ஸ்தார்ப்பில் பிறந்த ஹிக்சன், லண்டனிலுள்ள ராயல் அகாடமி ஆஃப் டிராமாட்டிக் ஆர்ட் நாடகப் பள்ளியில் பயின்று, 1927-இல் வெளியூர் மேடைகளில் தொழிலைத் தொடங்கி, மறு ஆண்டே லண்டனின் வெஸ்ட் எண்ட் அரங்குகளுக்கு வந்து சேர்ந்தார். 1930-களின் நடுவில் திரைப்படங்களிலும் தலைகாட்டத் தொடங்கினார். அன்று முதல் அவருக்குக் கிடைத்தவை பெரும்பாலும் வீட்டு உரிமையாளர், பணிப்பெண், மருத்துவமனைத் தாதி, யாருக்கோ அத்தை, யாருக்கோ தாய் ஆகிய வேடங்கள்தாம். 1950-இல் வந்த 'செவன் டேஸ் டு நூன்' படத்தில், லண்டன் நகரையே அழித்துவிடுவதாக மிரட்டிவிட்டுத் தலைமறைவாகும் விஞ்ஞானி ஒருவர் ஒரு வீட்டில் அறை எடுத்துத் தங்குவார். அந்த வீட்டுக்கார அம்மாள் ஹிக்சன். படத்தின் பெரும் பரபரப்பு வேறெங்கோ நடந்துகொண்டிருக்க, தன் வீட்டுக்கு வந்திருக்கும் ஆள் சரியில்லை என்று அவருக்குள் மெல்ல மெல்ல ஐயம் ஊறுவதை அந்தச் சில நிமிடங்களில் காணலாம். 'கேரி ஆன்' நகைச்சுவைப் பட வரிசையிலும் அவர் பலமுறை வந்துபோனார்; 1959-இல் வெளியான 'கேரி ஆன் நர்ஸ்' படத்தின் கண்டிப்பான வார்டு சிஸ்டர் அவர்தான்.

கேள்வி (மதுரை வாசகர்): இப்படிச் சிறு வேடங்களிலேயே ஒருவர் அரை நூற்றாண்டு வாழ முடிந்தது எப்படி? நம் ஊரில் குணச்சித்திர நடிகர்கள் படும் பாட்டை நினைத்துக் கேட்கிறேன்.

பதில்: அதற்கு அன்றைய பிரிட்டிஷ் நாடக, திரைத் தொழில் அமைந்திருந்த விதமே முதல் காரணம். வெளியூர் நகரங்களில் ரெப்பர்டரி எனப்படும் நிலையான நாடகக் குழுக்கள் இருந்தன. அவற்றுள் பல வாரத்துக்கு ஒரு நாடகத்தை அரங்கேற்றின. அதாவது, இந்த வார நாடகத்தை இரவில் நடித்துக்கொண்டே, அடுத்த வார நாடகத்துக்குப் பகலில் ஒத்திகை பார்க்க வேண்டும். இருபது வயதுப் பெண் ஒருத்தி திங்களன்று பாட்டியாகவும் அடுத்த திங்களன்று கடைக்காரியாகவும் மேடையேற வேண்டியிருந்த அந்தப் பயிற்சியில், ஒரு மனிதரை மூன்று வரி வசனத்துக்குள் நிலைநிறுத்தும் வித்தை கைவந்தது. இரண்டாவது காரணம் எளிமையானது. பைன்வுட், ஷெப்பர்டன், ஈலிங் போன்ற படப்பிடிப்புத் தளங்கள் லண்டனுக்கு அருகிலேயே இருந்தன. ஆகவே பகலில் படப்பிடிப்பில் நடித்துவிட்டு, மாலையில் வெஸ்ட் எண்ட் மேடைக்குப் போய்விட முடிந்தது. இரண்டு நாள் வேலையுள்ள வேடத்துக்கும் மேடையில் தேர்ந்த நடிகையே கிடைத்தார் என்பதால்தான், அக்காலப் படங்களில் கதவைத் திறந்துவிடும் பணிப்பெண்கூட ஒரு முழு வாழ்க்கையோடு நம் முன் நிற்கிறாள்.

ஆங்கிலத்தில் இத்தகையோரைக் குறிக்கும் சொல்லைவிட, நம் 'குணச்சித்திரம்' என்ற சொல் எனக்கு நெருக்கமானது. குணத்தைச் சித்திரமாகத் தீட்டுவது என்று விரித்துப் பாருங்கள். ஹிக்சன் செய்தது அதையேதான்.

கேள்வி (யாழ்ப்பாண வாசகி): மிஸ் மார்ப்பிளாக அவரை அகதா கிறிஸ்டியே தேர்ந்தெடுத்தார் என்கிறார்களே, உண்மையா?

பதில்: தேர்ந்தெடுத்தார் என்பதைவிட, முன்கூட்டியே கண்டுகொண்டார் என்பது பொருந்தும். கிறிஸ்டி தம் நாவலைத் தாமே நாடகமாக்கிய 'அப்பாயிண்ட்மென்ட் வித் டெத்' 1945-இல் லண்டன் பிக்கடிலி அரங்கில் நடைபெற்றபோது, அதில் ஹிக்சனும் ஒரு வேடம் ஏற்றிருந்தார். அவரைப் பார்த்த கிறிஸ்டி, என்றாவது ஒரு நாள் நீங்கள் என் மிஸ் மார்ப்பிளாக நடிப்பீர்கள் என்று நம்புகிறேன் என்ற பொருளில் அவருக்குக் குறிப்பு எழுதி அனுப்பினார். அப்போது ஹிக்சனுக்கு நாற்பது வயதுகூட நிறையவில்லை. கிறிஸ்டி 1976-இல் மறைந்தார். ஹிக்சன் நடித்த முதல் மார்ப்பிள் கதையான 'தி பாடி இன் தி லைப்ரரி' ஒளிபரப்பானது 1984 டிசம்பரில். தம் விருப்பம் நிறைவேறியதை எழுதியவர் பார்க்கவில்லை என்பதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு மனம் கனக்கிறது.

கேள்வி (கோயம்புத்தூர் வாசகர்): என் தந்தையார் மார்கரெட் ரூதர்ஃபோர்டின் ரசிகர். அவர்தான் உண்மையான மிஸ் மார்ப்பிள் என்பார். தங்கள் கருத்து என்ன?

பதில்: உங்கள் தந்தையாரின் அன்பை நான் மதிக்கிறேன். ரூதர்ஃபோர்ட் பெரும் நகைச்சுவைக் கலைஞர். 'தி வி.ஐ.பி.ஸ்' படத்துக்காக ஆஸ்கர் பெற்றவர். அவர் நடித்த மார்ப்பிள் படங்களின் போக்கு கிறிஸ்டிக்குப் பிடிக்கவில்லை என்றாலும், 1962-இல் வெளியிட்ட மார்ப்பிள் நாவலை அவருக்கே மதிப்புடன் காணிக்கையாக்கினார். ஆயினும் நாவல்களில் நாம் படிக்கும் மார்ப்பிள் வேறு. வெள்ளை முடியும் நீலக் கண்களுமாக, மடியில் கம்பளிப் பின்னலோடு ஒரு மூலையில் அமர்ந்திருக்கும் அந்தக் கிராமத்து முதிய பெண்மணியை எவரும் பொருட்படுத்துவதில்லை. அதனாலேயே எல்லாரும் அவர் முன் வாய் திறந்து பேசிவிடுகிறார்கள்.

'4.50 ஃப்ரம் பேடிங்டன்' நாவலையே எடுத்துக்கொள்வோம். ஓடும் ரயிலில் நடக்கும் கொலையை, இணையாக ஓடும் மற்றொரு ரயிலிலிருந்து ஒருவர் பார்த்துவிடுகிறார். நாவலில் அதைப் பார்ப்பவர் மார்ப்பிளின் தோழி. 1961-இல் வந்த 'மர்டர் ஷி செட்' படத்தில், மார்ப்பிளாக வரும் ரூதர்ஃபோர்டே பார்த்துவிடுகிறார். பிறகு துப்பறிவதற்காக அவரே ஒரு பெரிய வீட்டில் பணிப்பெண்ணாகவும் சேர்ந்துவிடுகிறார். அந்த வீட்டுக்கு வேலைக்கு வரும் திருமதி கிடர் என்ற சிறு வேடத்தில் நடித்தவர் வேறு யாருமல்ல, ஜோன் ஹிக்சன். அதே கதையை பிபிசி 1987-இல் எடுத்தபோது, அவரே மார்ப்பிள்.

இங்கேதான் எனக்கு அவர் பெரியவராகத் தெரிகிறார். பதற்றத்தோடு வந்து நிற்கும் தோழி சொல்வதைக் காவல்துறை நம்பாது. ஹிக்சனின் மார்ப்பிள் குறுக்கிடாமல் கேட்பார், பிறகு நம்புவார். கேட்பதை ஒரு செயலாக நடித்துக் காட்டுவது எளிதன்று. பிறர் பேச, தாம் தட்டு ஏந்தி நிற்கும் வேடங்களில் பல்லாண்டு பழகியவருக்கே அது இத்தனை இயல்பாக அமைந்திருக்கும் என்பது என் துணிபு. ஆகவே, கடைசியில் ஒரு நல்ல வாய்ப்பு வந்து அவரைக் காப்பாற்றியது என்று எழுதுவோரோடு எனக்கு உடன்பாடில்லை. அந்தச் சிறு வேடங்கள் வீணாகக் கழிந்த காத்திருப்பல்ல. மார்ப்பிளின் அமைதி அவற்றில் விளைந்தது.

கேள்வி (சென்னை வாசகி): அவர் பெற்ற விருதுகள்?

பதில்: 1979-இல், தம் 72-ஆம் வயதில், 'பெட்ரூம் ஃபார்ஸ்' நாடகத்துக்காக நியூயார்க்கில் அமெரிக்க நாடக உலகின் உயர்ந்த விருதான டோனியை, சிறந்த துணை நடிகைக்காகப் பெற்றார். ஆலன் ஐக்பர்ன் எழுதிய அந்த நாடகத்தில் மேடை முழுவதும் மூன்று படுக்கையறைகள் அருகருகே தெரியும். ஒன்றில், திருமண நாள் விருந்துக்கு வெளியே போய் ஏமாந்து திரும்பிய முதிய தம்பதி, ரொட்டியும் மத்தி மீனும் படுக்கையிலேயே அமர்ந்து உண்பார்கள். மனைவியாக ஹிக்சன், கணவராக மைக்கேல் கஃப்; இருவருக்குமே அந்த ஆண்டு டோனி கிடைத்தது. 1987-இல் பிரிட்டிஷ் அரசு ஓ.பி.இ. என்ற கௌரவப் பட்டம் வழங்கியது. மார்ப்பிளுக்காக, பிரிட்டனின் திரை, தொலைக்காட்சி விருதான பாஃப்டாவுக்கு இருமுறை பரிந்துரைக்கப்பட்டார்.

விருதுப் பட்டியலில் இடம்பெறாத ஒன்றையும் சேர்க்க விரும்புகிறேன். பீட்டர் நிக்கல்ஸ் எழுதிய 'எ டே இன் தி டெத் ஆஃப் ஜோ எக்' நாடகம் 1967-இல் கிளாஸ்கோவில் அரங்கேறியபோது, கடும் ஊனத்தோடு பிறந்த குழந்தையின் பாட்டியாக நடித்தவர் ஹிக்சன். லண்டனுக்கும் நியூயார்க்கின் பிராட்வே அரங்குக்கும் பின்னர் திரைக்கும் அந்த வேடத்தை அவரே கொண்டுசென்றார். மருத்துவரான அவருடைய கணவர் காலமானதும் அதே 1967-இல்தான்.

கேள்வி (திருநெல்வேலி வாசகர்): அவ்வளவு புகழ் பெற்ற தொடரை ஏன் நிறுத்தினார்கள்? அவர் நடித்தவற்றில் எதிலிருந்து பார்க்கத் தொடங்கலாம்?

பதில்: கிறிஸ்டி எழுதிய மார்ப்பிள் நாவல்கள் 12, பன்னிரண்டையும் பிபிசி எடுத்து முடித்துவிட்டது. கடைசிக் கதை 1992 டிசம்பரில் ஒளிபரப்பானபோது ஹிக்சனுக்கு 86 வயது. அதன் பிறகும் 'செஞ்சுரி' என்ற திரைப்படத்தில் நடித்தார். மார்ப்பிள் நாவல்கள் பலவற்றைத் தம் குரலிலேயே ஒலிநூல்களாகப் படித்தும் தந்தார். நெடுங்காலம் எசெக்ஸ் பகுதியின் வைவன்ஹோ என்ற சிற்றூரில் வசித்து, 1998 அக்டோபரில் மறைந்தார்.

பார்ப்பதற்கு என் யோசனை இது. ஒரு விடுமுறை நாளின் காலையில் 1961-ஆம் ஆண்டுப் படத்தைப் பாருங்கள். ரூதர்ஃபோர்டைப் பார்த்து வாய்விட்டுச் சிரித்துக்கொண்டே, அந்த வீட்டின் வேலைக்காரப் பெண்மணி வரும் இடங்களில் மட்டும் கண்ணை அவர் மீது வையுங்கள். மாலையில் 1987-ஆம் ஆண்டு '4.50 ஃப்ரம் பேடிங்டன்' கதையைப் பாருங்கள். பார்த்துவிட்டு எனக்கு எழுதுங்கள். உங்கள் கடிதத்தைப் படிக்க ஆவலாக இருக்கிறேன்.