மகள் சொல்லும் ‘நியோ-ஐடியலிசம்’ எது?

ஐயா, உங்கள் கடிதமும், பல்கலைக்கழக விண்ணப்பத்துக்காக மகள் எழுதிய எஸ்.ஓ.பி. (நோக்க அறிக்கை) வரைவும் வந்து சேர்ந்தன. கடிதத்தில் ஒரே கேள்விதான் கேட்டிருக்கிறீர்கள்: “நியோ-ஐடியலிசம்தான் படிப்பேன்னு ஒத்தக் கால்ல நிக்கிறா. இது என்ன படிப்பு, பிழைப்புக்கு ஆகுமா?”

பிழைப்பைப் பிறகு பேசுவோம். அது என்ன படிப்பு என்பது உங்கள் மகளுக்கே இன்னும் தெளிவாகவில்லை. கோபித்துக்கொள்ளாதீர்கள், வரைவின் இரண்டாம் பத்தியைப் படித்தபோது தெரிந்தது. முதல் வரியில் ஆங்கிலேயத் தத்துவவாதி பிராட்லி வருகிறார். அடுத்த வரியில் அமெரிக்க அதிபர் உட்ரோ வில்சன். மூன்றாம் வரியில், உக்ரைனுக்கு ஆதரவாக ஐரோப்பாவில் இன்று எழும் குரல்கள் இந்த மரபின் தொடர்ச்சி என்கிறாள். சேர்க்கைக் குழுவில் தத்துவம் தெரிந்த ஒருவர் இருந்தால் அந்த இடத்தில் பேனாவைக் கீழே வைத்துவிடுவார்.

ஆங்கிலத்தில் ஐடியலிசம் என்ற ஒரே வீட்டில் இரண்டு குடித்தனங்கள் இருக்கின்றன. தமிழில் நாம் எப்போதோ சுவர் எழுப்பிவிட்டோம். தத்துவத்தில் அது கருத்துமுதல்வாதம். அரசியலில் இலட்சியவாதம். கருத்துமுதல்வாதி பொருள்முதல்வாதியோடு மல்லுக்கட்டுகிறவர். உலகத்துக்கு அடிப்படை மனமா, பொருளா என்பது அவர்கள் சண்டை. இலட்சியவாதிக்கு அந்தக் கவலை கிடையாது. உலகம் இப்படி இருக்கிறது, ஆனால் வேறு மாதிரி இருக்க வேண்டும் என்பது அவர் கவலை. கருத்துமுதல்வாதி ஒருவர் பெரிய சுயநலக்காரராக இருக்கலாம். பொருள்முதல்வாதி ஒருவர் இலட்சியத்துக்காகச் சிறைக்குப் போகலாம்.

போதாததற்கு, எதிராளியின் பெயரும் இரண்டு இடத்திலும் ரியலிசம்தான். தத்துவத்தில் ரியலிசம் என்றால், நாம் பார்த்தாலும் பார்க்காவிட்டாலும் பொருள் அங்கே இருக்கும் என்ற கட்சி. வெளியுறவில் ரியலிசம் என்றால், நாடுகள் அதிகாரத்தையும் நலனையும் பார்த்துத்தான் நடக்கும், நல்லது கெட்டது எல்லாம் மேடைப் பேச்சு என்ற கட்சி. மகள் இந்த இரண்டையும் ஒரே அடைப்புக்குறிக்குள் போட்டிருக்கிறாள்.

முதல் குடித்தனத்தைக் கொஞ்சம் பார்ப்போம். 19ஆம் நூற்றாண்டின் பிற்பாதியில், கருத்துமுதல்வாதத்தின் பெரிய புள்ளியான ஹெகலின் செல்வாக்கு அவருடைய ஜெர்மனியில் மங்கிய பிறகு, பிரிட்டனில் அவருக்கு ஒரு மறுவாழ்வு கிடைத்தது. தாமஸ் ஹில் கிரீன், பிராட்லி, போஸன்கெட், காலமே உண்மையில்லை என்று 1908இல் வாதாடிய மெக்டேகர்ட் ஆகியோர் அந்த வரிசை. அமெரிக்காவில் ஜோசையா ராய்ஸ். இத்தாலியில் குரோச்சேவும் ஜென்டிலேவும். இவர்களைத்தான் தத்துவத் துறையில் நியோ-ஐடியலிஸ்ட், அல்லது நியோ-ஹெகலியர் என்பார்கள். 1903இல் மூர் எழுதிய மறுப்புக் கட்டுரையும் ரஸலின் தாக்குதலும் வந்தபின் பிரிட்டனில் அந்த அணி மெல்லச் சரிந்தது.

பிராட்லியின் வாதம் ஒன்றை மட்டும் சொல்கிறேன், மகளிடம் சோதித்துப் பார்க்கலாம். ஒரு சர்க்கரைக் கட்டியை எடுங்கள் என்கிறார். வெள்ளை, கடினம், இனிப்பு. சர்க்கரை என்பது வெள்ளை மட்டுமா? இல்லை. கடினம் மட்டுமா? இல்லை. சரி, இந்த மூன்றும் ஒன்றோடொன்று உறவில் இருப்பதுதான் சர்க்கரை என்று சொல்லிப் பாருங்கள். அந்த ‘உறவு’ என்பது தனியான ஒன்றா? தனி என்றால், வெள்ளையையும் அந்த உறவையும் இணைக்க இன்னோர் உறவு வேண்டும். அதை இணைக்க இன்னொன்று. முடிவே இல்லை. ஆகவே நாம் காணும் பல பொருள்கள், பல உறவுகள் எல்லாம் தோற்றமே. உண்மை பிளவில்லாத ஒன்று என்று போய் நிற்கிறார். அத்வைதம் கேட்டு வளர்ந்த காதுக்கு இது பழகிய ராகம் போலத் தோன்றும். அந்த மயக்கத்தில் எஸ்.ஓ.பி. எழுதக் கூடாது, இரண்டும் வந்த வழி வேறு.

இங்கே வேலைவாய்ப்பு ஆலோசகனாக ஒரு பெருமூச்சு விட்டுக்கொள்கிறேன். பிராட்லிக்கு 1870இல் ஆக்ஸ்ஃபோர்டு மெர்டன் கல்லூரியில் ஒரு ஃபெலோஷிப், அதாவது கல்லூரி தரும் ஆய்வுப் பதவி, கிடைத்தது. பாடம் நடத்த வேண்டியதில்லை. திருமணம் செய்துகொள்ளாதவரை ஆயுள் முழுக்க வைத்துக்கொள்ளலாம். 1924இல் இறக்கும்வரை அதிலேயே இருந்தார். அப்படி ஒரு பணி அறிவிப்பை இன்று பார்த்தால் எனக்கும் அனுப்புங்கள்.

இத்தாலியர்கள் கதை வேறு. குரோச்சேயும் ஜென்டிலேயும் நெருங்கிய நண்பர்கள், இருவருமே கல்வி அமைச்சர்களாக இருந்தவர்கள். முசோலினி வந்ததும் பாதை பிரிந்தது. 1925இல் ஃபாசிஸ்ட் அறிவுஜீவிகளின் அறிக்கையை ஜென்டிலே எழுதினார். அதற்கு எதிர் அறிக்கையைக் குரோச்சே எழுதினார். ஒரே தத்துவ மரபு, நேர் எதிரான அரசியல். 1944இல் ஃப்ளாரன்ஸில் ஜென்டிலே சுட்டுக் கொல்லப்பட்டார். மகளின் மூன்றாம் வரி ஏன் நிற்காது என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டாம். கருத்துமுதல்வாதம் தானாக ஜனநாயக ஆதரவில் கொண்டுபோய் விடாது.

இரண்டாவது குடித்தனத்தின் கதை, போருக்குப் பிந்தைய அமைதிக்காக வில்சன் முன்வைத்த 14 அம்சங்களிலிருந்து, அதாவது 1918 ஜனவரியிலிருந்து தொடங்குவது வழக்கம். முதல் உலகப் போருக்குப் பிறகு, ஐ.நா.வின் முன்னோடியான உலக நாடுகள் சங்கம் பிறந்தது. வில்சனின் சொந்த நாட்டு செனட்டே போர் முடிவின் அமைதி ஒப்பந்தத்தை நிராகரித்ததால் அமெரிக்கா அதில் சேரவில்லை. 1919இல் வேல்ஸின் அபெரிஸ்ட்வித்தில் சர்வதேச அரசியலுக்கென்றே ஒரு பேராசிரியர் பதவி உருவானது. பின்னர் அதற்கு வில்சனின் பெயரே வைக்கப்பட்டது. முதலில் அமர்ந்தவர் ஆல்ஃபிரட் ஸிம்மர்ன், இலட்சியவாதி. 1936இல் அதே நாற்காலிக்கு வந்த ஈ. எச். கார், மூன்றே ஆண்டில் இலட்சியவாதிகளைக் கனவுலகவாசிகள் என்று கிழித்துத் தொங்கவிட்டார். உட்கார்ந்த கிளையை வெட்டுவது என்பார்களே, கிட்டத்தட்ட அது.

பனிப்போர் முடிந்த கையோடு, 1993இல், சார்லஸ் கெக்லி என்ற அமெரிக்கப் பேராசிரியர் நியோ-ஐடியலிசத்துக்கான வேளை வந்துவிட்டதா என்று கேட்டார். பிறகு அந்தச் சொல் அதிகம் பேசப்படவில்லை. ரஷ்யா 2022இல் உக்ரைன்மீது முழுப்போர் தொடுத்தபின் பெஞ்சமின் டாலிஸ் என்ற ஆய்வாளர் அதை வேறு அழுத்தத்தோடு மறுபடி எடுத்தார். பழைய இலட்சியவாதம் ஒப்பந்தங்களையும் அமைப்புகளையும் நம்பியது. இந்தப் புதிய இலட்சியவாதம் ஆயுதம் தரவும் தயங்குவதில்லை. ஜனநாயகமும் மனித உரிமையும் அலங்காரம் அல்ல, அவற்றைக் காப்பதே நாட்டின் நலன். சிறிய நாடுகளின் விதியைப் பெரிய நாடுகள் பேரம்பேசித் தீர்க்கக் கூடாது என்பது சாரம். எஸ்தோனியாவின் முன்னாள் பிரதமர் காயா கல்லாஸ், உக்ரைனின் ஸெலென்ஸ்கி போன்றவர்களை இதற்கு முகங்களாகக் காட்டுவார்கள்.

எதிர்ப்பும் பலமாகவே இருக்கிறது. 2003இல் ஈராக்குக்குள் புகுந்தவர்களும் ஜனநாயகம் என்றுதானே சொன்னார்கள், இது பழைய கள் புதிய மொந்தை என்கிறது ஒரு தரப்பு. உக்ரைனுக்கு ஒரு நியாயம், மற்ற இடத்துக்கு வேறு நியாயமா என்கிறது இன்னொரு தரப்பு. என்னைக் கேட்டால் இரண்டாவது கேள்விக்குத்தான் இவர்களிடம் இன்னும் திருப்தியான பதில் இல்லை. மகள் அதை எஸ்.ஓ.பி.யில் தொடவே இல்லை. தொட்டிருந்தால் மதிப்பு கூடியிருக்கும்.

இப்போது மகளுக்கு இரண்டாவது சோதனை. லிதுவேனியா, சுமார் 28 லட்சம் மக்கள்தொகை கொண்ட நாடு. 2021 நவம்பரில் தலைநகர் வில்னியஸில் ‘தைவான்’ என்ற பெயரிலேயே ஒரு பிரதிநிதி அலுவலகம் திறக்க அனுமதித்தது. மற்ற இடங்களில் பெரும்பாலும் ‘தைபே’ என்றுதான் போடுவார்கள். தைவானைத் தன் பகுதி என்று சொல்லும் சீனா தூதரக உறவின் தகுதியைக் குறைத்தது; லிதுவேனியச் சரக்குகள் சீனத் துறைமுகங்களில் முடங்கின; ஐரோப்பிய ஒன்றியம் உலக வர்த்தக அமைப்பில் முறையிட்டது. நீ அந்த நாட்டின் வெளியுறவு அமைச்சராக இருந்தால் பலகையில் என்ன பெயர் எழுதுவாய் என்று கேளுங்கள்.

சர்க்கரைக் கட்டியையும் பெயர்ப்பலகையையும் வெவ்வேறு நாளில் கேளுங்கள். சரியான பதில் வருகிறதா என்று பார்க்க வேண்டாம். எந்தக் கேள்வியை அவள் மறுநாள் காலையில் தானாக மறுபடி எடுக்கிறாள் என்று மட்டும் கவனியுங்கள்.

இவ்வளவு வற்புறுத்துவதற்குக் காரணம் என் பழைய தவறு ஒன்று. இந்தத் தொழிலுக்கு வந்த புதிதில், “ஐடியலிசத்தில் ஆர்வம்” என்று சொன்ன ஒரு பையனை, செய்தித்தாள் நிறையப் படிக்கிறானே என்று சர்வதேச உறவுகள் பக்கம் அனுப்பிவிட்டேன். ஒரு செமஸ்டர் முடிந்து வந்தான். “சார், அங்க எல்லாரும் அரசு என்ன செய்யணும்னு பேசுறாங்க. அரசுன்னு ஒண்ணு இருக்கான்னு யாருமே கேக்கல” என்றான். அவனுக்கு வேண்டியது முதல் குடித்தனம். ஒரு வருடம் போனது, கட்டணமும் போனது. இரண்டுக்கும் பொறுப்பு நான்.

சரி, பிழைப்பு. நியோ-ஐடியலிசம் என்ற பெயரில் யாரும் வேலை தர மாட்டார்கள். அது ஒரு படிப்பில் வரும் பாடம், அல்லது ஆய்வுத் தலைப்பு. பட்டம் தத்துவத்திலோ சர்வதேச உறவுகளிலோதான்.

தத்துவம் என்றால்: முதுகலை, பிறகு முனைவர் பட்டம், அதன்பின் ஆசிரியப் பணி. அந்தப் பணியிடங்கள் எங்கும் குறைவு, காத்திருப்பு நீளம். ஹெகலைத் தொட ஜெர்மன் வேண்டும், குரோச்சேயைத் தொட இத்தாலியன். ஆனால் முதுகலையோடு நிறுத்திக்கொண்டு சட்டம், பதிப்பு, மருத்துவ நெறிமுறை, செயற்கை நுண்ணறிவு நெறிமுறை என்று போகிறவர்கள் உண்டு. வாதத்தைப் பிரித்துப் பார்க்கும் பயிற்சிக்கு அங்கெல்லாம் மதிப்பிருக்கிறது.

வெளியுறவு என்றால் பொருளாதாரம் கண்டிப்பாக வேண்டும். பலரும் விடும் இடம் இதுதான். பொருளாதாரத் தடை என்றால் என்ன, வங்கிப் பரிமாற்றம் எப்படி நிற்கும் என்று தெரியாமல் விழுமியம் பேசினால் யாரும் கேட்க மாட்டார்கள். ரஷ்யன், சீனம், அரபு, பிரெஞ்சு, இவற்றில் ஒரு மொழி. இரண்டு பக்கத்துக்குள் கொள்கைக் குறிப்பு எழுதும் கை. ஆய்வு நிறுவனங்களில் தொடக்கம் பெரும்பாலும் இன்டர்ன்ஷிப், ஒப்பந்த வேலை. ஐ.நா.வின் இளம் வல்லுநர் தேர்வுக்கு வயது வரம்பு உண்டு. விண்ணப்பதாரரின் நாடு அந்த ஆண்டுப் பட்டியலில் இருக்க வேண்டும்.

தூதரகப் பணியைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும். அங்கே ஒருவர் பேசுவது தன் கருத்தை அல்ல, அரசின் நிலைப்பாட்டை. காலையில் உங்களுக்குப் பிடிக்காத ஒரு வாக்கெடுப்பை மதியம் புன்னகையோடு நியாயப்படுத்த வேண்டியிருக்கும். இலட்சியவாதத்தின் பெயரால் வரும் பிள்ளைகளில் பலர் இதை யோசிப்பதே இல்லை. இது ஒத்துவராது என்றால் மனித உரிமை அமைப்பு, பத்திரிகை, ஆய்வு என்று திட்டமிடுவது நல்லது. சம்பளம் குறையலாம், வாய் திறந்திருக்கும்.

இரண்டு வீட்டிலும் வாழ்ந்தவர் யாருமே இல்லையா என்று மகள் கேட்பாள். உண்டு. டாக்டர் ராதாகிருஷ்ணன் கருத்துமுதல்வாதத் தத்துவத்தை உலக மேடைகளில் பேசியவர், ஆக்ஸ்ஃபோர்டில் பேராசிரியர். 1930களில் உலக நாடுகள் சங்கத்தின் அறிவுசார் ஒத்துழைப்புக் குழுவிலும் இருந்தார். 1949இல் சோவியத் ஒன்றியத்துக்கு இந்தியத் தூதராகப் போனார். ஆனால் வரிசையைக் கவனிக்கச் சொல்லுங்கள். முதலில் ஒரு துறையில் வேர் பிடித்தார், மற்றக் கதவு பிறகு திறந்தது.

விண்ணப்பத்துக்கு இன்னும் நேரம் இருப்பதால் ஒரு வேலை தருகிறேன். அந்த இரண்டாம் பத்தியை மகள் தமிழில் எழுதட்டும். ஐடியலிசம் வரும் ஒவ்வோர் இடத்திலும் கருத்துமுதல்வாதம் அல்லது இலட்சியவாதம், இரண்டில் ஒன்றைத்தான் போட வேண்டும். ஆங்கிலச் சொல்லுக்கு அனுமதி இல்லை. கை தயங்கும் இடங்களில் பென்சிலால் வட்டம் போட்டு, வட்டத்தோடு அப்படியே எனக்கு அனுப்பச் சொல்லுங்கள். நீங்கள் திருத்திக் கொடுக்க வேண்டாம், ஐயா.